எங்க வூட்டுப் பொம்பளைங்க கூலிக்குப் போறதில்லைங்க

அம்மா உயிரோடு இருந்தவரை அவள் என்ன வேலை பார்க்கிறாள் என்று ஒருத்தரும் கேட்டதில்லை. செத்த பிறகு எல்லோரும் கேட்டார்கள். போலீஸ் ஸ்டேஷனில் எழுதிக்கொண்டிருந்தவர் கேட்டார். பெரியாஸ்பத்திரியில் பிரேதப் பரிசோதனைக்குக் கையெழுத்து வாங்கியவர் கேட்டார். இறப்புச் சான்றிதழ் வாங்கப் போன இடத்திலும் கேட்டார்கள். எல்லா இடத்திலும் அப்பாதான் முன்னால் நின்றார். எல்லா இடத்திலும் ஒரே பதிலைத்தான் சொன்னார்.

"வூட்லதாங்க இருந்தா."

அவர்களும் அப்படியே எழுதிக்கொண்டார்கள். பக்கத்தில்தான் நின்றேன். அழுது அழுது முகம் வீங்கிப்போய் நின்றவளுக்கு அந்த வார்த்தை அன்றைக்கு உறைக்கவில்லை. பிற்பாடுதான் உறைத்தது. வீட்டில் இருந்தவள் மேல் எப்படி ஐயா லாரி ஏறும்? அதை ஒருத்தராவது திருப்பிக் கேட்டார்களா?

அவள் வீட்டில் இல்லை. ரோட்டில் இருந்தாள். காரிமங்கலம் ரோட்டில், காலையில் பால் சொசைட்டியில் பால் ஊற்றிவிட்டு, காலிக் கேனைத் தூக்கிக்கொண்டு ஓரமாக நடந்து வந்துகொண்டிருந்தாள். டிரைவர் கண் அசந்துவிட்டான். வண்டி ரோட்டை விட்டு இறங்கி வந்து அவளை அடித்தது. அவனே போலீசில் ஒத்துக்கொண்டான். தப்பு லாரி மேல்தான் என்பதில் எங்களுக்கும் சண்டையில்லை, லாரிக்கு இன்சூரன்ஸ் போட்டிருந்த கம்பெனிக்கும் சண்டையில்லை. மிச்சமிருந்த கேள்வி ஒன்றே ஒன்று. செத்தவளின் மதிப்பு எவ்வளவு என்பது. அதற்குத்தான் கோர்ட்டு.

எங்கள் வீட்டில் நாலு கறவை மாடு. மேட்டுக்காடு கொஞ்சம். மழையை நம்பி ராகியும் நிலக்கடலையும் போடுவோம், கிணற்றில் தண்ணீர் இருக்கிற வருஷம் தக்காளி வைப்போம். மாட்டுக் கொட்டாயைக் கூட்டி, சாணி அள்ளி, பால் கறந்து, ஊற்றிவிட்டு வந்து, சோறாக்கி, காட்டுக்குப் போய்க் களை வெட்டி, புல் அறுத்துத் தலையில் சுமந்துகொண்டு வந்து, மறுபடியும் பால் கறப்பது அம்மா. உழவுக்கு டிராக்டர் சொல்லிவிடுவதும், உரம் வாங்கி வருவதும், சொசைட்டியில் பால் பணம் வாங்குவதும் அப்பா. சொசைட்டியில் உறுப்பினர் அப்பாதான். நிலம் அவர் பேரில் இருக்கிறது, அதனால் மாடும் அவர் பேரில், பாலும் அவர் பேரில். அப்பா கெட்டவர் இல்லை. குடிக்க மாட்டார், அம்மாவைக் கை நீட்டி அடித்ததில்லை, அவள் செத்தபோது மண்ணில் புரண்டு அழுதார். இதையெல்லாம் சொல்லிவிட்டுத்தான் மேலே பேச வேண்டும். இல்லாவிட்டால் இவள் சொந்த அப்பனையே இப்படிப் பேசுகிறாளே என்பீர்கள்.

இன்னொன்றும் இருக்கிறது. கோடையில் காட்டில் வேலை இருக்காது. அந்த மாதங்களில் அம்மா பக்கத்து ஊர்ப் புளி மண்டிக்குப் போவாள். பத்திருபது பெண்கள் வட்டமாக உட்கார்ந்து, புளியம்பழத்தை ஓடு நீக்கி, தட்டி, கொட்டை எடுத்துப் போடுவார்கள். கிலோவுக்கு இவ்வளவு என்று கூலி, அன்றன்றைக்குக் கையில். சாயங்காலம் வரும்போது அவள் விரலெல்லாம் கறுத்துப் பிசுபிசுவென்று இருக்கும், நகக்கண்ணில் வெடிப்பு இருக்கும். என்னுடைய டிப்ளமோ படிப்புக்கு மூன்று வருஷமும் பீஸ் அந்தப் புளியிலிருந்துதான் வந்தது. அப்பாவுக்கு இது தெரியாதா? நன்றாகத் தெரியும். ஆனால் யாராவது கேட்டால், "பொழுது போவலன்னு நாலு பொம்பளைங்களோட பேச்சுக்குப் போயிட்டு வரா" என்பார். சித்திரை வெயிலில் தகரக் கொட்டகைக்குள் பேச்சுக்குப் போகிறாளாம்.

நான் ஓசூரில் ஒரு கம்பெனியில் இருந்தேன். போனுக்குள் வைக்கிற சின்னச் சின்னச் சாமான்களைப் பூதக்கண்ணாடி வைத்துச் சரி பார்க்கிற வேலை. ஹாஸ்டல் வாசம், ஷிஃப்டு, மாசம் பிறந்தால் என் பேரில் என் கணக்கில் சம்பளம். அம்மா செத்த அன்று லீவு சொல்லிவிட்டு வந்தவள்தான். காரியம் முடிந்ததும் கிளம்பலாம் என்று இருந்தேன். மாடு விடுமா? கறக்கவில்லை என்றால் மடி கட்டிக்கொண்டு கத்தும். அப்பாவுக்குக் கறக்க வராது. கறக்கிற வேலையை அவர் கற்றுக்கொள்ளவே இல்லை. நான் கறந்தேன். நான் கேனைத் தூக்கிக்கொண்டு அதே ரோட்டில் நடந்தேன். கம்பெனியில் கூப்பிட்டுப் பார்த்தார்கள், சூப்பர்வைசர் அக்கா எனக்காக எவ்வளவோ இழுத்துப் பிடித்தார், கடைசியில் என் இடத்தில் வேறு ஒருத்தியைப் போட்டுவிட்டார்கள். "எப்ப வந்தாலும் சொல்லு, எடுத்துக்கறோம். ஆனா வந்தா நெலையா இருக்கணும், பாதியில ஓடக்கூடாது" என்றார் அக்கா. அதை மனதில் முடிந்து வைத்துக்கொண்டேன். இழப்பீடு வரும், அதைக் கொண்டு வீட்டுக்கு ஒரு ஆள் வைக்கலாம், நான் திரும்பப் போகலாம். எனக்கு அந்த வழக்கில் இருந்தது அவ்வளவுதான். அம்மாவின் விலையில் என் விடுதலை இருந்தது. சொல்லவே கூசுகிறது, ஆனால் உண்மை.

எங்கள் வக்கீல் நல்ல மனுஷன். தருமபுரியில் ஒரு ஜெராக்ஸ் கடைக்கு மேலே அவருடைய ஆபீஸ். முதல் நாளே என்னை உட்கார வைத்து, கோர்ட்டில் எப்படிக் கணக்குப் போடுவார்கள் என்று சொன்னார்.

"செத்தவங்க மாசம் எவ்வளவு சம்பாதிச்சாங்கன்னு முதல்ல பாப்பாங்கம்மா. சம்பளச் சீட்டு இருந்தா பிரச்சனை இல்ல. இல்லைன்னா கோர்ட்டே உத்தேசமா ஒரு தொகை போடும். அதுல அவங்க சொந்தச் செலவுன்னு ஒரு பங்கைக் கழிப்பாங்க. மீதியை வருஷக் கணக்காக்கி, வயசுக்குத் தகுந்த எண்ணால பெருக்குவாங்க. சின்ன வயசுன்னா பெரிய எண்ணு, வயசானவங்கன்னா சின்ன எண்ணு."

"சொந்தச் செலவுன்னா?"

"உயிரோட இருந்திருந்தா அவங்களும் சாப்பிட்டிருப்பாங்க, துணிமணி எடுத்திருப்பாங்க இல்ல? அந்தக் காசு எப்படியும் குடும்பத்துக்கு வந்திருக்காதே. உங்க கேஸுல மூணுல ஒரு பங்கு கழியும்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அழுகையும் கோபமும் சேர்ந்து வருகிற ஒரு கெட்ட சிரிப்பு. மூன்றில் ஒரு பங்கா? எங்கம்மாவா? வீட்டில் கறி எடுத்தால் குழம்பை மட்டும் ஊற்றிக்கொண்டு சாப்பிட்டவள். தீபாவளிக்கு எடுத்த புடவையைப் பிரிக்காமல் பீரோவில் வைத்துவிட்டு அடுத்த தீபாவளிக்கு எனக்குச் சுடிதார் எடுத்தவள். கம்பெனியில் சேர்ந்த புதிதில் நான் செருப்பு வாங்கிக் கொடுத்தேன், கோயிலுக்குப் போகும்போது மட்டும் போடுவாள். காலிலிருந்து தலைவரைக்கும் அவள் தனக்கென்று செலவு செய்ததைக் கூட்டிப் பார்த்தால் பேருந்து டிக்கெட் தேறுமா? அந்த மூன்றில் ஒரு பங்கை அவள் எங்கே வைத்தாள், யார் தின்றார்கள், சொல்லுங்கள் சார் என்று கேட்டேன். கத்தியே கேட்டுவிட்டேன் போலிருக்கிறது, கீழே ஜெராக்ஸ் கடைக்காரர் எட்டிப் பார்த்தார்.

"சட்டம் எல்லாருக்கும் பொதுதாம்மா, உங்கம்மாவுக்குன்னு தனியா எழுத முடியாது" என்றார் வக்கீல். பிரிந்த துக்கத்துக்கு ஒரு தொகை, அடக்கம் செய்த செலவுக்கு ஒரு தொகை, அதெல்லாம் ஏற்கெனவே முடிவான ரேட்டு என்றும் சொன்னார். துக்கத்துக்கு ரேட்டு வைத்த மகராசன் யாரோ.

பிறகு அவர் மனு எழுதினார். அதில் அம்மாவின் தொழில் என்ற இடத்தில் "கூலி வேலை மற்றும் மாடு வளர்ப்பு" என்று போட்டு, மாத வருமானம் ஒன்றும் போட்டார். படித்ததும் அந்த வரியை இன்னொரு முறை படித்தேன். முதல்முறையாக ஒருத்தர் அம்மா வேலை செய்தாள் என்று எழுதுகிறார்! புளி மண்டிக்காரரிடம் ஒரு கடுதாசி வாங்கி வந்தால் நல்லது என்றார். போய்க் கேட்டேன். "உங்கம்மா மாதிரி சுத்தமா கொட்டை எடுக்கிற ஆளே கிடையாது பாப்பா" என்று கண் கலங்கினார் மண்டிக்காரர். கடுதாசி என்றதும் கண்ணீர் நின்றுவிட்டது. "எழுத்துல எல்லாம் வேணாம் தாயி. நாளைக்கு எத்தனை பேருக்கு வேலை குடுக்கற, பதிவு இருக்கான்னு எவனாவது வந்து நிப்பான்." காப்பி வாங்கிக் கொடுத்து அனுப்பிவைத்தார்.

சரி, கடுதாசி போனால் போகட்டும், அப்பா கூண்டில் ஏறிச் சொன்னால் போதும் என்றார் வக்கீல். அப்பாவுக்காகப் பிரமாணப் பத்திரம் தயார் செய்து, படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடச் சொன்னார். அப்பா படிக்காமலே போட்டார். "நீங்க எழுதுனா சரியாத்தாங்க இருக்கும் சார்." நானாவது படித்துக் காட்டியிருக்கலாம். அவருக்குத் தெரியாததா அதில் இருக்கிறது என்று விட்டுவிட்டேன்.

விசாரணை நாளன்று அப்பாவின் பங்காளி, எனக்குப் பெரியப்பா முறை, துணைக்கு வருகிறேன் என்று வெள்ளை வேட்டியில் கிளம்பி வந்தார். வேண்டாம் என்று சொல்ல முடியுமா? மூன்று பேரும் பஸ் ஏறிப் போனோம். கோர்ட்டில் பெரியப்பா பின் பெஞ்சில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்தார், வாசலில் நின்ற போலீஸ்காரர் வந்து காலை இறக்கச் சொல்லிவிட்டுப் போனார். அப்பா கூண்டில் ஏறினார். புதுச் சட்டை. கூண்டின் மரச்சட்டத்தை இறுகப் பிடித்துக்கொண்டார்.

இன்சூரன்ஸ் வக்கீல் அதட்டுவார், மிரட்டுவார் என்று நினைத்து நான் பயந்துகொண்டிருந்தேன். அவர் அப்படி ஒன்றுமே செய்யவில்லை. சொந்தக்காரர் வீட்டுக்கு வந்தவர் மாதிரி பேசினார்.

"ஐயா, உங்களுக்குச் சொந்த நிலம் இருக்குதுங்களா?"

"இருக்குதுங்க."

"தலைமுறையா உங்க குடும்பத்துதுதானே?"

"ஆமாங்க. எங்க பாட்டன் காலத்துலேருந்து." அப்பா சட்டத்திலிருந்து கையை எடுத்தார்.

"ஊர்ல மரியாதையான குடும்பம்."

"ஏதோ இருக்கறங்க."

"இந்தப் பேப்பர்ல உங்க மனைவி கூலி வேலைக்குப் போனாங்கன்னு போட்டிருக்கு. உங்க வூட்டம்மா அடுத்தவங்க காட்டுக்குக் கூலிக்குப் போவாங்களா ஐயா?"

எங்கள் வக்கீல் நிமிர்ந்து பார்த்தார். நான் பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். ஒரு "ஆமாங்க" போதும். ஒரே ஒரு "ஆமாங்க". அப்பா திரும்பிப் பின் பெஞ்சைப் பார்த்தார். பெரியப்பா அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"என்னாங்க இப்பிடிக் கேட்டுட்டீங்க?" என்றார் அப்பா. நெஞ்சு நிமிர்ந்துவிட்டது. "எங்க வூட்டுப் பொம்பளைங்க கூலிக்குப் போறதில்லைங்க. எங்களுக்கு அந்தத் தலையெழுத்து இல்ல. நாங்கதான் நாலு பேருக்குக் கூலி குடுப்பங்க."

"அப்ப வூட்லதான் இருந்தாங்க."

"வூட்லதாங்க இருந்தா."

"நன்றிங்க ஐயா" என்று சொல்லி இன்சூரன்ஸ் வக்கீல் உட்கார்ந்தார். உட்காரும்போது அவருக்குச் சிரிப்புக்கூட வரவில்லை. தினமும் பார்க்கிற வேலைதானே அவருக்கு. அப்பா சொன்னதெல்லாம் டைப் ஆகிக்கொண்டிருந்தது. டக டகவென்று அந்தச் சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது.

வெளியே வந்ததும் எங்கள் வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். "ஏங்க, உங்க பேப்பரை நீங்களே கிழிச்சுப் போட்டுட்டீங்களே!" அப்பாவுக்குப் புரியவில்லை. மரியாதையைக் காப்பாற்றிவிட்டு வந்த தெம்பில் இருந்தார். பெரியப்பா வேறு, "நல்லா பட்டுனு சொன்னப்பா" என்று முதுகில் தட்டிக்கொடுத்தார். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அந்த வெள்ளை வேட்டியை அங்கேயே சேற்றில் புரட்டியிருப்பேன்.

பஸ்ஸில் அப்பாவிடம் சண்டை போட்டேன். பக்கத்தில் ஆட்கள் இருந்தார்கள், இருக்கட்டும் என்று போட்டேன்.

"புளி மண்டிக்குப் போனது யாரு? என் பீஸ் எங்கேருந்து வந்துச்சு?"

"மெல்லப் பேசு பாப்பா."

"அம்மா விரலு பாத்ததே இல்லியா நீ?"

"அதெல்லாம் கூலின்னு சொல்ல முடியுமா? அவளா போனா. நானா அனுப்புனன்? பெரியப்பன் முன்னாடி நான் என்னான்னு சொல்றது, எம் பொண்டாட்டி புளி தட்டப் போனான்னா? காசு இன்னிக்கு வரும் நாளைக்குப் போவும். பேரு போனா வருமா?"

"யாரு பேரு? அம்மா பேரா, உம் பேரா?"

அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். ஊர் வரும்வரைக்கும் திரும்பவில்லை. வந்து இறங்கியதும் மாடு கத்துகிறது, போய்ப் பார் என்றார். போய்க் கறந்தேன். வேறு என்ன செய்வது?

போனதை ஒட்ட வைக்கலாம் என்று வக்கீல் என்னையும் சாட்சியாகப் போட்டார். அடுத்த வாய்தாவில் நான் ஏறினேன். அம்மா என்னென்ன செய்தாள் என்று பஸ்ஸில் வரும்போது மனதுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்திருந்தேன். இந்த முறையும் இன்சூரன்ஸ் வக்கீல் மெதுவாகத்தான் ஆரம்பித்தார்.

"மாடு இப்பவும் இருக்குதும்மா?"

"இருக்குதுங்க."

"நிலம்?"

"இருக்குதுங்க."

"சொசைட்டிக்குப் பால் இப்பவும் ஊத்தறீங்க. முன்ன மாதிரியேதான் பணம் வருது."

"வருதுங்க, ஆனா..."

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லும்மா. ஆமாவா, இல்லையா?"

"ஆமாங்க."

"அப்ப உங்கம்மா இறந்ததால குடும்ப வருமானத்துல ஒண்ணும் குறையல."

மாடு சாகவில்லை, நிலம் சாகவில்லை, ஒரு மனுஷிதானே செத்தாள், அதனால் நஷ்டமில்லை! இதை ஒரு படித்த மனிதர், கறுப்புக் கோட்டு போட்டுக்கொண்டு, என் முகத்தைப் பார்த்துச் சொல்கிறார். மனதுக்குள் சொல்லிப் பார்த்ததெல்லாம் பறந்துவிட்டது. வாய் தானாகப் பேசியது.

"நான் ஊத்தறங்க அந்தப் பாலை. என் வேலையை வுட்டுட்டு வந்து நான் கறக்கறன், நான் ஊத்தறன். எங்கம்மா போயும் பணம் குறையாததுக்குக் காரணம் நான் போவாம இருக்கறதுங்க!"

இன்சூரன்ஸ் வக்கீல் ஏதோ ஆட்சேபித்தார். நீதிபதி அம்மா அவரைக் கையமர்த்தினார். "அதையும் எழுதிக்கங்க" என்று டைப் அடிப்பவரிடம் சொன்னார். கூண்டை விட்டு இறங்கினேன். எங்கள் வக்கீல் தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.

தீர்ப்பு வர மேலும் ஒரு கோடை போயிற்று. வக்கீல் படித்துச் சொன்னார். வீட்டு வேலையும் வேலைதான், அதற்கும் மதிப்பு உண்டு என்று நீதிபதி அழகாகவே எழுதியிருந்தார். அவர் மேல் எனக்குக் குறையில்லை. ஆனால் இறந்தவர் கூலிக்குப் போனார் என்பதை ஏற்க முடியவில்லை, ஏனென்றால் அவருடைய கணவரே அவர் எந்த வேலைக்கும் போனதில்லை, வீட்டில்தான் இருந்தார் என்று சாட்சி சொல்லியிருக்கிறார் என்று இருந்தது. பால் வருமானமும் நில வருமானமும் தொடர்கின்றன என்று இருந்தது. மகள் வேலையை விட்டது குறித்து ஆவணம் எதுவும் தாக்கல் செய்யப்படவில்லை என்றும் இருந்தது. ஆகவே உத்தேசமாக ஒரு தொகை. அதிலும் மூன்றில் ஒரு பங்கு கழித்து, அவள் உடுத்தாத புடவைக்கும் தின்னாத கறிக்கும்.

"கேட்டதுல பாதிகூட இல்ல. ஆனா கிடைச்ச வரைக்கும் பரவாயில்லம்மா" என்றார் வக்கீல்.

பணம் வங்கிக்கு வந்தது. எனக்கு உரிய பங்கு என் பேரில், அப்பாவுக்கு உரியது அவர் பேரில். நான் அன்றே அப்பாவிடம் சொன்னேன். "மாட்டுக்கு ஒரு ஆள் வெச்சிடலாம்ப்பா. நான் ஓசூரு போறன். அக்கா எடுத்துக்கறேன்னு சொல்லியிருக்காங்க."

அப்பா உண்மையாகவே ஆச்சரியப்பட்டார். நடிப்பில்லை.

"வூட்ல ஆள் இருக்கறப்ப எதுக்குப் பாப்பா கூலிக்கு ஆளு?"

தொழுவத்துக் கூளத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்றிருந்தேன். அதைக் கீழே போட்டேன். பாசமாகத்தான் சொன்னார், எனக்குத் தெரியும். என் கல்யாணத்துக்கு அந்தப் பணம் ஆகும் என்று அடுத்த வார்த்தையே சொன்னார். என்னைப் பெண் கேட்டு வந்தவர்களிடம், பொண்ணு என்ன பண்ணுது என்று கேட்டபோது "வூட்லதாங்க இருக்குது" என்று அதே வாயால் சொன்னவர்தான். இந்த மனுஷருக்கு இந்த ஒரு வார்த்தையை யார்தான் கற்றுக்கொடுத்தார்களோ! இன்னும் கொஞ்ச நாள் இருந்தால் நானும் அந்த ரோட்டில் கேனோடு நடந்து நடந்து, கடைசியில் வீட்டில் இருந்தவளாகவே செத்துப்போவேன். அழவில்லை. மறுநாள் காலைப் பாலைக் கறந்து ஊற்றிவிட்டு, சாயங்காலப் பாலுக்கு நீயாச்சு உன் மாடாச்சு என்று சொல்லிவிட்டு, பையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். அப்பா ரோடு வரைக்கும் வந்தார். கோபம்தான். என் கையிலிருந்த பையை மட்டும் வாங்கிக்கொண்டு நடந்தார்.

முதல் வாரம் போன் இல்லை. பிறகு வந்தது. மாட்டுக்கு ஒரு ஆள் கிடைத்தானாம். "கறக்கறதும் தண்ணி காட்டறதும் மட்டுந்தானாம் பாப்பா. சாணி அள்ளறதுக்குத் தனியாக் கேக்கறான். சொசைட்டிக்குக் கொண்டுபோறதுக்கு வண்டிக்குப் பெட்ரோல் போடச் சொல்றான்." அடுத்த போனில் களையெடுக்க வந்த பெண்களின் கூலி. "காலைல டீ, பதினோரு மணிக்கு ஒரு டீ, அதுக்கு மேல இந்தக் கூலி. அநியாயமா இருக்குது." அதற்கடுத்து, அவருக்கு மெஸ் சாப்பாடு வயிற்றுக்கு ஒத்துக்கொள்ளவில்லையாம், சோறாக்க வரச் சொன்னால் ஒரு பெண் கேட்ட சம்பளத்தைக் கேட்டு மயக்கம் வந்ததாம். ஒவ்வொரு போனிலும் ஒரு புது அநியாயம். நான் ஷிஃப்டு முடிந்து ஹாஸ்டல் படியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டேன்.

ஒரு நாள் சாயங்காலம் கூப்பிட்டார். குரலே வேறு மாதிரி இருந்தது.

"பாப்பா, உங்கம்மாவுக்குக் கோர்ட்டுல போட்டது ரொம்பக் கம்மி."

போனைக் காதோடு அழுத்திக்கொண்டேன்.

"மாட்டுக்காரனுக்கும் களைக்கும் சோத்துக்கும் குடுக்கறதைக் கூட்டிப் பாத்தன். அவ ஒருத்தி பண்ணது இவ்வளவு ஆவுது. அவங்க போட்டது இதுல ஒரு மூலைக்குக் காணாது. ஏமாத்திட்டானுங்க. மேல் கோர்ட்டுக்குப் போலாம்."

வக்கீலிடம் கேட்டுச் சொல்கிறேன் என்றேன். கேட்டேன். அப்பீலுக்கு நாள் இருக்கிறது, தாராளமாகப் போடலாம் என்றார் அவர். "ஆனா ஒண்ணும்மா. மேல புதுசா சாட்சி சொல்ல வுட மாட்டாங்க. இங்க என்ன சொன்னீங்களோ அதைத்தான் எடுத்து வெச்சுப் படிப்பாங்க. உங்கப்பா சொன்னதைத்தான் முதல்ல படிப்பாங்க."

அப்பாவைக் கூப்பிட்டு இதை அப்படியே சொன்னேன். அந்தப் பக்கம் டீ ஆற்றுகிற ஓசையும், யாரோ அரசியல் பேசுகிற ஓசையும் கேட்டது. காரிமங்கலத்தில் டீக்கடையில் இருக்கிறார் என்று புரிந்தது.

"நான் தப்பா சொல்லிட்டன் பாப்பா" என்றார். "திரும்பக் கூப்பிட்டாங்கன்னா வந்து சொல்லிடறன். அவ..."

அதற்கு மேல் ஏதோ முணுமுணுத்தார். எனக்குக் கேட்கவில்லை.

"என்னாப்பா? கேக்கல."

"அவ கூ..." குரல் இன்னும் தாழ்ந்தது. வாயைக் கையால் மூடிக்கொண்டு பேசுகிறார் என்று தெரிந்தது. "அவ கூலிக்குப் போனா. புளி மண்டிக்குப் போனா."

இத்தனை வருஷம் கழித்து அந்த வார்த்தை அவர் வாயிலிருந்து வருகிறது. நான் படியிலிருந்து எழுந்து நின்றுவிட்டேன்.

"சத்தமா சொல்லுப்பா" என்றேன்.

"எப்பிடி பாப்பா?" என்றார் அப்பா. "பெரியப்பன்லாம் இங்கதான் உக்காந்திருக்கறாங்க."